முட்டை புரொபசரும் திறக்காத பலகையும்

ஸ்கூடாய் பெரிய சாலையில் மூன்று மாடிக்கு நிற்கிறதே மரச்சாமான் கடை, அது நான் கட்டியது. அதற்குப் பின்னால் இருக்கும் தொழிற்சாலையும் நான் கட்டியதுதான். மரம் காய வைக்கும் சூளை ஆறு இருக்கிறது. ஆறுக்கும் நானே வெயிலில் நின்று செங்கல் எடுத்துக் கொடுத்தேன். செடெனாக் பக்கம் பழைய கோயில் எதற்காவது போனால் கதவைத் தட்டிப் பாருங்கள், அந்தச் சத்தமே யார் வேலை என்று சொல்லும். படிப்பு, தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் மூன்றாம் வகுப்பு. நான்காம் வகுப்புக்கு வாத்தியார் கூப்பிட்டார், எனக்கு நேரமில்லை. ரப்பர் மரம் அடுப்பெரிக்கத்தான் லாயக்கு என்று சொல்லிச் சிரித்தவர்களில் ஒரு வெள்ளைக்காரத் துரை உண்டு, ஒரு மரவாடிச் சீனர் உண்டு, என் சொந்த மாமனாரும் உண்டு. மூவரும் பிற்காலத்தில் நான் ரப்பர் மரத்தில் செய்த நாற்காலியில்தான் உட்கார்ந்தார்கள். மாமனார் எழுந்திருக்கவே மாட்டேன் என்றார்.

இதைப் பெருமைக்காகச் சொல்லவில்லை. கொஞ்சம் பெருமைக்காகவும்தான். ஆனால் இன்று நான் பேனாவைப் பிடித்தது வேறொருவருக்காக. மலாயா தேசம் முழுவதிலும் கோழியின் உதவி இல்லாமல் முட்டை எடுத்த ஒரே மனிதர் அவர். ஊர் அவரை முட்டை புரொபசர் என்றது. சொந்தப் பெயர் என்னவென்று தினமும் பெயர் கூப்பிடும் தோட்டத்துக் கணக்கப்பிள்ளை கிராணிக்கே மறந்துவிட்டது.

போன மாதம் கோலாலம்பூரிலிருந்து இரண்டு இளைஞர்கள் என் தொழிற்சாலைக்கு வந்தார்கள். சினிமா எடுக்கிறார்களாம்.

"அங்கிள், மேஜிக் பெட்டி ஒன்னு வேணும். பழைய காலத்து மாடல்."

"என்ன கதை?"

"ஜப்பான்காரன் காலத்துல லாயாங் லாயாங்ல ரெண்டு மேஜிக்காரங்க போட்டி போட்டுக்கிட்டாங்க. ஒருத்தரு ஸ்டேஷன் மாஸ்டர், ஒருத்தரு எஸ்டேட்டு. கடைசி சீன்ல எஸ்டேட்டுக்காரரு மந்திரத்த மறந்துடுவாரு. பொண்டாட்டிய மறைச்சிட்டு திரும்பக் கொண்டாரத் தெரியாம கோடாலியால பெட்டிய ஒடைப்பாரு. செம்ம காமெடி, அங்கிள்."

"மந்திரம் மறந்தாருன்னு யார் சொன்னா?"

"எல்லாருக்கும் தெரிஞ்ச கதைதானே லா. எங்க தாத்தாவே சொல்வாரு."

 அளவு மட்டும் எடுத்துக்கொண்டேன். அவர்கள் போன பிறகு உட்கார்ந்து இதை எழுதத் தொடங்கினேன்.  தாத்தா சொன்னது தப்பு. நான் அந்த இடத்தில் நின்றேன்.

புரொபசர் லாயாங் லாயாங் ரயில் நிலையத்திலிருந்து மூன்று மைல் தள்ளியிருந்த ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டுகிறவர். ஆள் கைத்தடி மாதிரி இருப்பார். எப்போதோ ஒரு துரை தூக்கி எறிந்த கறுப்புக் கோட்டு ஒன்று அவரிடம் இருந்தது. அதைப் போட்டுக்கொண்டுதான் பால் வெட்டப் போவார். கோட்டுக் கை விரல் நுனியைத் தாண்டி இரண்டு அங்குலம் தொங்கும். அந்த இரண்டு அங்குலத்தில்தான் அவருடைய உலகமே இருந்தது.

சாதாரணமாக வருவது, போவது என்பதெல்லாம் அவருக்குப் பிடிக்காது. காலையில் பெரட்டுக்கு, அதாவது தோட்டத்து ஆட்கள் வரிசையில் நின்று பெயர் கொடுக்கும் நேரத்துக்கு, எல்லாரும் நடந்து வருவார்கள். இவர் தோன்றுவார். கிராணி பெயர் கூப்பிட்டதும் ஆள் இருக்காது. கிராணி பேனாவை எடுத்து 'வரவில்லை' என்று எழுதப் போகும் நேரம் அவருடைய முதுகுக்குப் பின்னாலிருந்து, "வந்தாச்சு ஐயா" என்று குரல் கேட்கும். அந்தக் கிராணி வருஷத்துக்கு இரண்டு தடவை ஆஸ்பத்திரியில் படுத்தார். நெஞ்சுப் படபடப்பு.

அவருடைய பெரிய வித்தை முட்டை. வாயிலிருந்து ஒன்று, உங்கள் காதிலிருந்து ஒன்று, வேலையை மேற்பார்க்கும் மண்டோரின் தொப்பியிலிருந்து ஒன்று. மொத்தம் ஒன்றே ஒன்றுதான், அதுதான் சுற்றிச் சுற்றி வரும். அது கோழி முட்டையும் இல்லை. கெட்டியாக்கிய ரப்பர் பாலை உருட்டி, சுண்ணாம்பு பூசி அவரே செய்தது. ஜப்பான்காரன் வந்து அரிசியும் முட்டையும் கண்ணில் படாமல் போன பிறகு, தோட்டத்தில் ஒருவன் அந்த முட்டையைத் திருடிக்கொண்டு போய் வேக வைத்தான். காலையிலிருந்து மத்தியானம் வரை வேக வைத்தான். கடைசியில் கோபம் வந்து தரையில் எறிந்தான். முட்டை எகிறி அவன் நெற்றியிலேயே அடித்தது. நெற்றிப் புடைப்போடு கொண்டுவந்து கொடுத்துவிட்டு, "புரொபசரே, ஒங்க கோழிக்கு என்ன வியாதி?" என்று கேட்டான்.

அந்தக் காலத்தில் வித்தை காட்டுவது எவ்வளவு கஷ்டம் என்று சினிமாக்காரர்களுக்குத் தெரியாது. வயிறு காய்ந்தவன் கை தட்ட மாட்டான். புரொபசர் காதிலிருந்து முட்டை எடுத்தால், "அண்ணே, முட்டை வேணாம், ரெண்டு மரவள்ளிக் கிழங்கு எடுங்க" என்பார்கள். கைக்குட்டையிலிருந்து பூ எடுத்தால், "பூ எதுக்கு, உப்பு எடுங்க" என்பார்கள். புரொபசர் கோபித்துக்கொள்ள மாட்டார். "வரும், வரும். அதுக்கும் ஒரு நாள் வரும்" என்பார்.

எதிராளி ரயில் நிலையத்தில் இருந்தார். யாழ்ப்பாணத்து மனிதர், ஸ்டேஷன் மாஸ்டர். ஊரில் டைம்டேபிள் ஐயா என்றால்தான் தெரியும். வெள்ளைக்காரன் காலத்தில் தபாலில் புத்தகம் வரவழைத்து மேஜிக் படித்தவர். சட்டையில் ஒரு மடிப்பு கலைந்து நான் பார்த்ததில்லை. ஜப்பான்காரன் வந்து மலாயாக் கடிகாரங்களை எல்லாம் டோக்கியோ நேரத்துக்குத் திருப்பியபோது ஊரே குழம்பியது. இவர் மட்டும் இரண்டு கையிலும் இரண்டு கடிகாரம் கட்டிக்கொண்டார்.

இவர்கள் இருவரும் ஒருவர் ஆட்டத்தை ஒருவர் விடாமல் போய்ப் பார்ப்பார்கள். ரசிக்க இல்லை. புரொபசர் முன்வரிசையில் உட்கார்ந்து, டைம்டேபிள் ஐயா சீட்டை மாற்றும் சரியான நொடியில் இருமுவார். டைம்டேபிள் ஐயா புரொபசரின் ஆட்டத்துக்கு வந்தால் கடிகாரத்தைக் கையில் பிடித்துக்கொண்டு உரக்கச் சொல்வார்.

"முட்டை வெளியில வரப் பதினெட்டுச் செக்கன் பிந்திப்போச்சுது."

"ஐயா, இது ரயில் இல்ல, முட்டை."

"ரயில் பிந்தினால் ஆக்கள் காத்திருப்பினம். வித்தை பிந்தினால் கண்டுபிடிச்சுப் போடுவினம். நீர் அதை யோசியும்."

அவர் சொன்னதில் நியாயம் இருந்தது. ஆனால் எங்கள் தோட்டத்தில் யாரும் அதை ஒத்துக்கொள்ள மாட்டோம்.

ஜப்பான் சக்கரவர்த்தியின் பிறந்தநாள் வந்தது. தோட்டத்தைப் பிடித்துக்கொண்டிருந்த ஜப்பான் அதிகாரி, நாங்கள் துவான் என்போம், மைதானத்தில் கொண்டாட்டம் வைக்க உத்தரவிட்டார். விளக்குக்கு எண்ணெய் இல்லாததால் எல்லாம் காலை வெயிலில். இரண்டு வித்தைக்காரர்களும் ஆட வேண்டும். எவன் வித்தையில் குட்டு உடையவில்லையோ அவனுடைய ஆட்களுக்கு ஒரு மூட்டை அரிசி. சயாம் அரிசி, வெள்ளை அரிசி.

அரிசி என்ற சொல்லைக் கேட்டே எங்களுக்கு மாதக் கணக்காகிவிட்டது. லயத்தில், அதாவது எங்கள் வரிசை வீடுகளில், எல்லா அடுப்பிலும் மரவள்ளிதான். பிள்ளைகளுக்குக் கால் வீங்கிக் கிடந்தது. சோறு எப்படி இருக்கும் என்று கேட்கும் வயதில் குழந்தைகள் இருந்தன.

அன்று சாயங்காலம் தண்ணீர்க் குழாயடியில் எல்லாரும் நிற்கும்போது புரொபசர் தோன்றினார். முட்டையை வாயிலிருந்து எடுத்து எல்லாருக்கும் காட்டினார்.

"பொறந்த நாள் மூட்டை நம்ம லயத்துக்குத்தான். அது பொங்குற வரைக்கும் நான் வேற வித்தை ஒன்னும் காட்ட மாட்டேன். பொங்கலைன்னா இந்த முட்டைய உங்க எல்லார் முன்னாலயும் முழுங்கிடறேன்."

"அது வேகாதே, புரொபசரே."

"பச்சையாவே முழுங்கறேன்."

அவர் பெண்சாதி பாக்கியம் அக்கா குடத்தை இறக்கி வைத்துவிட்டு, "மொதல்ல போய் கோட்டைத் தொவைங்க, கிட்ட நிக்க முடியல" என்றார். ஆனால் அந்த அம்மாவும் அவர் சொன்னதை நம்பினார் என்பது முகத்தில் தெரிந்தது.

மறுநாள் புரொபசர் என் பட்டறைக்கு வந்தார். எனக்கு அப்போது இருபத்து நான்கு வயது. தோட்டத்தில் தச்சு வேலை முழுக்க என் கையில். கைவேலைக்காரனை இங்கே துக்காங் என்போம். புரொபசருக்கு நான் துக்காங் தம்பி.

"துக்காங் தம்பி, பட்டப்பகல்ல, வெட்டவெளியில ஒரு பொம்பளைய மறைக்கணும். மறைச்சவளத் திரும்பவும் கொண்டாரணும். பெட்டி ஒன்னு செய்."

பெட்டியின் ரகசியத்தை இப்போது சொன்னால் குற்றமில்லை, அன்றே நூற்றுக்கணக்கான பேர் பார்த்துவிட்டார்கள். அலமாரி மாதிரி ஒரு பெட்டி. உள்ளே பின்பக்கம் ஒரு பலகை, பள்ளத்தில் வழுக்கி ஓடும். உள்ளே போகிறவள் அந்தப் பலகையை இழுத்துவிட்டு அதற்கும் பின்சுவருக்கும் நடுவில் நின்றுகொள்வாள். கதவைத் திறந்தால் பெட்டி காலி. புரொபசர் மூன்று தட்டுத் தட்டினால் பலகையைத் தள்ளிவிட்டு முன்னால் வந்துவிடுவாள். அந்த இடைவெளி ஒரு சாண்தான். மரவள்ளியின் தயவில் பாக்கியம் அக்கா அதில் தாராளமாக நிற்கலாம்.

மரம்தான் இல்லை. நல்ல மரத்தையெல்லாம் ஜப்பான்காரன் பாலம் கட்ட எடுத்துக்கொண்டு போயிருந்தான். சுற்றிலும் இருந்தது ரப்பர் மரம் மட்டும். யாரும் அதில் ஒரு முக்காலிகூடச் செய்ததில்லை. நான் செய்தேன். ஒரு மரத்தை வெட்டி, அறுத்து, ரப்பர் தகடு காய வைக்கும் புகைக்கொட்டகையில் பலகைகளை அடுக்கி, இரண்டு வாரம் புகை போட்டுக் காய வைத்தேன். மேலே தார் பூசிக் கறுப்பாக்கினேன். புரொபசர் பார்க்க வந்தார்.

"என்ன மரம் தம்பி?"

"மெர்பாவ் மரம் அண்ணே. நூறு வருஷத்துக்கு அசையாது."

ரப்பர் மரம் என்று சொன்னால் என் வேலைக்கு மரியாதை இல்லாமல் போகும் என்று நினைத்தேன். அவர் பலகையைத் தடவினார், முகர்ந்து பார்த்தார், தலையை ஆட்டினார்.

"பலகைக்கும் பள்ளத்துக்கும் நடுவுல கொஞ்சம் எடம் விடணுமா?"

"அண்ணே, என் வேலையில மயிரிழைகூட சந்து இருக்காது. சந்து இருந்தா பகல் வெளிச்சத்துல கோடு தெரியும்."

"காத்துக்கு ஓட்டை?"

"ஓட்டை வழியா வெளிச்சம் தெரியும் அண்ணே. நூறு எண்ணுற நேரத்து வேலைதானே."

பலகையை ஒரு விரலால் தள்ளிக் காட்டினேன். சத்தமில்லாமல் ஓடியது. அவர் இரண்டு கையாலும் என் கையைப் பிடித்துக்கொண்டார். "நீதான்டா வித்தக்காரன்" என்றார்.

பிறந்தநாளுக்கு முன்னால் மூன்று நாள் மழை. பெட்டி மைதானத்தில் ஒரு கித்தான் துணிக்கு அடியில் கிடந்தது. நான்காம் நாள் நல்ல வெயில். கொண்டாட்டம் தொடங்கியது. எல்லாரும் கிழக்குப் பக்கம் திரும்பிக் குனிந்து நிமிர்ந்தோம். அரிசி மூட்டையை நடுவில் ஒரு மேசைமேல் வைத்திருந்தார்கள். சக்கரவர்த்திக்குக் குனிந்தபோதும் எங்கள் கண் மூட்டையில்தான்.

முதலில் டைம்டேபிள் ஐயா. துவானின் சட்டைப்பைக் கடிகாரத்தைக் கேட்டு வாங்கினார். கைக்குட்டையில் சுற்றினார். சுத்தியலால் அடித்தார். உள்ளே ஏதோ நொறுங்கியது. துவானின் கை வாள் பக்கம் போனது. டைம்டேபிள் ஐயா அவசரமே படாமல், துவானின் தொப்பியை அவரே கழற்றிப் பார்க்கும்படி சைகை காட்டினார். தொப்பிக்குள் கடிகாரம் ஓடிக்கொண்டிருந்தது. துவான் அதைக் காதில் வைத்துக் கேட்டுவிட்டுச் சிரித்தார். அவர் சிரித்து நாங்கள் பார்த்தது அன்றுதான். ரயில்வே குவாட்டர்ஸ் ஆட்கள் கை தட்டினார்கள். உண்மையைச் சொன்னால் நானும் தட்டினேன்.

பிறகு புரொபசர். துவைத்த கோட்டு. பாக்கியம் அக்கா பெட்டிக்குள் போனார், கதவு மூடியது. புரொபசர் வாயில் ஏதோ முணுமுணுத்துக் கதவைத் திறந்தார். காலி. துவான் எழுந்து வந்து உள்ளே தலையை விட்டுப் பார்த்தார், வாள் நுனியால் தட்டிப் பார்த்தார். காலி. வெட்ட வெயிலில் ஒரு பொம்பளை இல்லை. மைதானம் மொத்தமும் வாயைப் பிளந்தது. நான் கையைக் கட்டிக்கொண்டு முன்னால் நின்றேன். பக்கத்தில் இருந்தவனிடம், "யார் வேலைன்னு தெரியுதா?" என்றேன்.

புரொபசர் கதவை மூடி மூன்று தட்டுத் தட்டினார். திறந்தார். காலி. ஜனங்கள் சிரித்தார்கள், இதுவும் வித்தை என்று நினைத்தார்கள். மறுபடி மூடினார், தட்டினார், திறந்தார். காலி. இன்னும் பெரிய கைதட்டல். நான் மட்டும் கட்டியிருந்த கையை இறக்கினேன். பெட்டிக்குள்ளிருந்து உள்ளங்கையால் பலகையை அடிக்கும் சத்தம் எனக்குக் கேட்டது. மழை ஈரத்தில் பலகை உப்பிப் பள்ளத்தில் இறுகிவிட்டது. போகும்போது கஷ்டப்பட்டுப் போனது, திரும்ப வரவில்லை. மயிரிழைகூட சந்து இல்லாத வேலை. காற்றுக்கு ஓட்டை இல்லாத வேலை.

துவான் கேட்டார், "மானா பெரெம்புவான்?" பொம்பளை எங்கே என்று.

புரொபசர் மண்டோரின் காதிலிருந்து முட்டையை எடுத்துக் காட்டினார். துவான் சிரிக்கவில்லை. புரொபசர் நெற்றி வியர்வை மூக்கில் வழிந்தது. உள்ளே அடிக்கும் சத்தம் இடைவெளி விட்டு வரத் தொடங்கியது. அவர் அரிசி மூட்டையைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். என் கால் நகரவில்லை. ஏன் நகரவில்லை என்று இன்றுவரை என்னையே கேட்டுக்கொண்டிருக்கிறேன்.

முட்டை எப்படி வருகிறது என்று பெண்சாதிக்கே சொல்லாத மனிதர் அவர். மரவள்ளி வேக வைக்க விறகு பிளந்த இடத்தில் ஒரு கோடாலி கிடந்தது. ஓடிப்போய் எடுத்துவந்தார். அத்தனை பேர் முன்னாலும் தன் பெட்டியின் பின்பக்கத்தை மூன்றே வெட்டில் பிளந்தார். பாக்கியம் அக்கா தாரும் வியர்வையுமாகப் புல்லில் விழுந்தார். வாயைத் திறந்து திறந்து காற்றை இழுத்தார்.  பிறகு புரொபசரின் கோட்டைப் பிடித்துக்கொண்டு கேட்டார்.

"யோவ், அரிசி கெடச்சிதாய்யா?"

புரொபசர் கோடாலியைப் போட்டுவிட்டுப் புல்லில் உட்கார்ந்தார். அந்த அம்மாவின் தலையைத் தன் மடியில் வைத்துக்கொண்டார்.

துவான் உடைந்த பலகையைக் காலால் புரட்டினார். பெட்டியைக் காட்டி யார் செய்தது என்று கேட்டார். முதல் நாள் வாய்க்கால் கதவு ஒழுகியது என்று ஒரு கொத்தனாரை அவர் அடித்த அடி எங்களுக்கு ஞாபகம் இருந்தது. நான் பக்கத்தில் இருந்தவன் முதுகுக்குப் பின்னால் ஒதுங்கினேன். புரொபசர் எழுந்து நின்றார். அவருக்குத் தெரிந்த மலாயில் தெளிவாகச் சொன்னார்.

"பெட்டி பாகுஸ், துவான். மந்திரம் தா பாகுஸ்."

பெட்டி நல்ல பெட்டிதான், மந்திரம்தான் சரியில்லை என்று அர்த்தம். துவான் அவரைக் கன்னத்தில் இரண்டு அறை அறைந்து, உடைந்த பலகையைத் தலைக்குமேல் தூக்கிப் பிடித்துக்கொண்டு உச்சிவெயில் வரை நிற்க வைத்தார். அரிசி மூட்டை ரயில்வே குவாட்டர்ஸுக்குப் போனது.

அன்றிலிருந்து அவருக்கு மந்திரம் மறந்த புரொபசர் என்று பெயர். குழாயடியில் பெண்கள் கேட்டார்கள், "முட்டைய எப்ப முழுங்கப் போறீங்க?" பெரட்டில் ஆம்பளைகள் கேட்டார்கள். கிராணிகூடக் கேட்டார். பாவம், அவருக்கும் பழி தீர்க்க ஒரு நாள் வேண்டாமா. புரொபசர் எல்லாருக்கும் ஒரே பதில் சொன்னார். "நாக்கு கொளறிடுச்சு. மந்திரத்துல ஒரு எழுத்து போயிடுச்சு." நான் பட்டறைக்குள்ளேயே இருந்தேன்.

மூன்றாம் நாள் மத்தியானம் டைம்டேபிள் ஐயா வந்தார். ரயில் பாதையில் தள்ளுகிற வண்டியில் பாதி மூட்டை அரிசியோடு தோட்டத்து எல்லை வரை வந்து, அங்கிருந்து இரண்டு கூலி ஆட்கள் தலையில் தூக்கி வர, அவர் குடை பிடித்து நடந்து வந்தார். அந்த நேரம் புரொபசர் என் பட்டறையில் உட்கார்ந்து கோடாலிக்குப் பிடி போட்டுத் தரச் சொல்லிக்கொண்டிருந்தார். அரிசியை நடுவில் இறக்கினார்கள். டைம்டேபிள் ஐயா நின்றுகொண்டே பேசினார்.

"நான் உம்மை வெண்டதா என்ர மனம் ஒத்துக்கொள்ளேல்லை. உண்மையைச் சொல்லும், இதை வைச்சிட்டுப் போறன். தவறினது மந்திரமோ, மரமோ?"

புரொபசர் அரிசியைப் பார்த்தார். பட்டறை வாசலில் நாலைந்து பெண்கள் வந்து நின்றுவிட்டார்கள், அவர்களும் அரிசியைப் பார்த்தார்கள். மரம் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். லயம் முழுக்கச் சோறு. அவர் பேரும் திரும்ப வந்துவிடும்.

"மந்திரம்தான் ஐயா" என்றார்.

"வடிவா யோசிச்சுச் சொல்லும்."

"யோசிச்சிட்டேன். நாக்கு கொளறிடுச்சு."

டைம்டேபிள் ஐயா மூலையில் கிடந்த உடைந்த பலகையிடம் போனார். குனிந்து, பள்ளத்தின் ஓரத்தை நகத்தால் சுரண்டினார். பிறகு நிமிர்ந்து என்னைப் பார்த்தார். அந்தப் பார்வைக்கு ஜப்பான்காரன் அறையே தேவலை.

"தம்பி, தண்டவாளத்துக்கு நடுவில நாங்கள் ஏன் சந்து விடுறம், தெரியுமோ? இரும்புக்கே மூச்சு விட இடம் வேணும். நீர் மரத்துக்கும் விடேல்லை, உள்ள நிண்ட மனுசிக்கும் விடேல்லை."

இதை அவர் வெளியில் யாரிடமும் சொன்னதாகத் தெரியவில்லை. குடையை விரித்தார். அரிசியை எடுத்துக்கொண்டு போகவும் இல்லை. போகிற போக்கில் கடிகாரத்தைப் பார்த்து, "உம்மட சோறு மூண்டு நாள் பிந்திப்போச்சுது" என்றார்.

"பிந்தினாலும் வந்துச்சே ஐயா" என்றார் புரொபசர்.

அன்று சாயங்காலம் லயத்தில் எல்லா அடுப்பிலும் சோறு பொங்கியது. புரொபசர் முட்டையை விழுங்க வேண்டியதில்லை என்று குழாயடியில் தீர்ப்பாயிற்று. ஆனால் மந்திரம் மறந்த பெயர் மட்டும் போகவில்லை, அது அரிசி தீர்ந்த பிறகும் இருந்தது.

ஜப்பான்காரன் போன பிறகு புரொபசரும் பாக்கியம் அக்காவும் கப்பல் ஏறி ஊருக்குப் போனார்கள். போகிற நாள் நான் ரயில் நிலையத்துக்குப் போனேன். அன்றுதான் உண்மையைச் சொன்னேன்.

"அண்ணே, அது மெர்பாவ் இல்ல, ரப்பர் மரம்."

"தெரியுமே."

"எப்படித் தெரியும்?"

"இருவது வருஷமா அந்த மரத்த மோந்து பாத்துத்தான் எனக்கு விடியுது. நீ தார் பூசிட்டா தெரியாதா?"

"அப்போ அன்னிக்கே ஏன் கேக்கல?"

"நீ அந்தப் பொய்ய அவ்வளவு அழகா இழைச்சிருந்த. ஒரு வித்தக்காரன் இன்னொரு வித்தக்காரனக் காட்டிக் குடுக்கலாமா? அது உப்பும்னு உனக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. மழைக்குத்தான் தெரிஞ்சிருக்கு."

வண்டி கிளம்பும் நேரம் ஜன்னல் வழியாகக் கையை நீட்டி என் காதிலிருந்து முட்டையை எடுத்தார். இந்தத் தடவை அதைத் திரும்ப வைத்துக்கொள்ளவில்லை, என் உள்ளங்கையில் வைத்து மூடினார். அந்தப் பக்கம் பாக்கியம் அக்கா, "தம்பி, இனிமே செய்யிற பெட்டிக்கு ஓட்டை போடு" என்றார். பச்சைக் கொடியைப் பிடித்து நின்ற டைம்டேபிள் ஐயா, அவர் வாழ்க்கையில் முதல் தடவையாக, கொடியை ஒரு நிமிஷம் தாமதமாக அசைத்தார். நான் பார்த்தேன். அவர் அதை மறுத்திருப்பார்.

அதற்குப் பிறகு நான் பட்ட பாடு நாட்டுக்கே தெரியும். ரப்பர் மரத்தை எப்படிக் காய வைப்பது, எந்த மருந்துத் தண்ணீரில் ஊற வைப்பது, எந்தப் பருவத்துக்கு எவ்வளவு சந்து விடுவது என்று பதினைந்து வருஷம் மண்டையை உடைத்தேன். சிரித்தவர்கள் எல்லாரும் கேட்டார்கள், உனக்கு ஏன் இந்தப் பிடிவாதம் என்று. நான் யாரிடமும் காரணம் சொன்னதில்லை. ஒரு பலகை வழுக்க வேண்டும், அவ்வளவுதான்.

சினிமாத் தம்பிகளுக்கு இப்போது சொல்கிறேன். நீங்கள் கேட்ட பெட்டி தயார். ரப்பர் மரம்தான், தார் பூசவில்லை. மூன்று நாள் மழையில் போட்டு வைத்துப் பார்த்தேன். பலகை வெண்ணெய் மாதிரி ஓடுகிறது. பின்பக்கம் காற்றுக்கு எட்டு ஓட்டை இருக்கிறது. என் அலுவலக மேசையில் இருக்கும் முட்டையையும் இரவலாகத் தருகிறேன், யாரும் வேக வைக்கக் கூடாது. ஆனால் உங்கள் கடைசிக் காட்சியை மாற்றுங்கள். அவர் எந்த மந்திரத்தையும் மறக்கவில்லை. படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது, முட்டை புரொபசர் என்று பெரிய எழுத்தில் முதலில் போடுங்கள். அதற்குக் கீழே, பலகைக்குச் சந்து விடாமல் பெட்டியைக் கெடுத்தவன் என்று என் பெயரை முழுசாகப் போடுங்கள். அது என் வேலை. இத்தனை வருஷம் அவர் அதைத் தன் பெயரில் சுமந்தார், என் பங்கை எனக்குக் கொடுங்கள். அந்த ஒரு வரி வராமல் பெட்டி என் பட்டறையை விட்டு நகராது.